ஊசி உண்டு, கை எங்கே?

பழனி என்றதும் உங்கள் நினைவுக்கு வருவது எது? பஞ்சாமிர்தம் என்பார் ஒருவர், காவடி என்பார் இன்னொருவர், மொட்டை என்பார் மற்றொருவர். படியேற முடியாதவருக்கு அங்கே விஞ்ச் இருக்கிறது, ரோப் கார் இருக்கிறது. ஏறி உட்கார்ந்தால் போதும், ஆண்டவன் வாசலில் கொண்டுபோய் இறக்கிவிடும். நல்லது! முதியவரும் முடியாதவரும் பயன் பெறட்டும். அதிலே நமக்கு வழக்கில்லை.

ஆனால், அந்தக் கோயில் குன்றுக்குப் பின்னால் முகில் மூடி நிற்கிறதே நெடிய மலைத்தொடர், அதிலும் மனிதர்கள் வாழ்கிறார்கள் என்பதை எத்தனை பேர் எண்ணிப் பார்க்கிறோம்? பூம்பாறை, மன்னவனூர், கூக்கால், கிளாவரை, தாண்டிக்குடி, பண்ணைக்காடு, வெள்ளகெவி என்று ஊர்கள் உண்டு. உருளைக்கிழங்கும் பூண்டும் கேரட்டும் நம் வீட்டுச் சட்டிக்கு அங்கிருந்து வருகின்றன. அவற்றை விளைவிக்கும் தாய்மார்கள் நோவு கண்டால் எங்கே போகிறார்கள், எப்படிப் போகிறார்கள் என்று கேட்டிருக்கிறோமா? ஆண்டவனைப் பார்க்க ஏறுகிறவனுக்கு ரோப் கார். ஆபத்திலே இறங்குகிற பிள்ளைத்தாய்ச்சிக்கு, அண்மைக் காலம் வரை, இரண்டு மூங்கிலும் ஒரு கம்பளியும் கட்டிய டோலி!

சென்ற ஆண்டு ஒரு கூட்டத்திற்காக மேல்மலைக் கிராமம் ஒன்றுக்குப் போயிருந்தேன். கூட்டம் முடிந்து குளிருக்கு அடுப்போரம் ஒதுங்கினேன். அறுபது வயதிருக்கும் ஒரு மூதாட்டி பேச்சைத் தொடங்கினார்.

"ஏந் தம்பி, ஊரு ஊராப் போயிப் பேசுறியே, இதையும் பேசேன். எம் மருமகளுக்கு முதுகுல ஊசியப் போட்டுப் புள்ளைய எடுத்தாக. அன்னைக்குப் போன இடுப்புதான், இன்னும் நிமிர மாட்டேங்குது. இனி எவளுக்கும் அந்த ஊசி போட விடமாட்டேன்."

"மருமகள் இப்போது எங்கே, அம்மா?" என்றேன்.

"பூண்டு மூட்டை ஏத்தப் போயிருக்கா."

"பிள்ளைக்கு எத்தனை மாதம்?"

"எட்டு."

"எத்தனை மாதத்தில் மூட்டை தூக்கப் போனார்?"

மூதாட்டி சற்று நேரம் பேசவில்லை. பிறகு சிரித்துவிட்டார். "நீ சொல்றதும் சரிதான். ரெண்டாம் மாசமே போயிட்டா. போகாட்டிக் கஞ்சி யாரு ஊத்துறது?"

கவனியுங்கள், தோழர்களே! மூட்டை ஏற்றியதை மறந்து ஊசியின் தலையில் பழி போட்டாயிற்று. அந்த மூதாட்டியை நான் குறை சொல்லவில்லை. அவருக்கு எடுத்துச் சொல்ல ஆளில்லை; குறை நம்முடையது. ஆனால் அன்றிரவு அவர் சொன்ன அடுத்த செய்திதான் என்னைத் தூங்கவிடவில்லை. குழந்தை வயிற்றிலே குறுக்கே கிடந்ததாம். ஜீப் பிடித்து ஆஸ்பத்திரிக்குப் போனார்களாம். கட்டிலும் இருந்தது, கத்தியும் இருந்தது, ஊசியும் இருந்தது, மருந்தும் இருந்தது. "மயக்க டாக்டர் இல்லை, கீழே கொண்டுபோங்கள்" என்றார்களாம். நள்ளிரவிலே, மூடுபனியிலே, வளைவுக்கு வளைவு அந்தப் பெண் அலற, வண்டி சமவெளிக்கு இறங்கியிருக்கிறது. தாயும் பிழைத்தார், சேயும் பிழைத்தது. "சாமி காப்பாத்துச்சு" என்றார் மூதாட்டி. இறங்கிப் போன இடத்திலே காப்பாற்றியது, தோழர்களே, அவர் திட்டித் தீர்த்த அதே முதுகு ஊசி!

அந்த ஊசி என்ன, எப்படி வேலை செய்கிறது என்பதைக் கழகத் தோழன் ஒவ்வொருவனும் அறிந்திருக்க வேண்டும். வீட்டிலே தாயோ தாரமோ தமக்கையோ இல்லாதவன் யார்?

நம் முதுகெலும்பு, சிற்றெலும்புகளை அடுக்கிய தூண். அதன் நடுவே தண்டுவடம் ஓடுகிறது. வளர்ந்தவர்களுக்கு அது இடுப்புப் பகுதியின் முதல் எலும்புக்கு அருகிலேயே முடிந்துபோகிறது. அதற்குக் கீழே நரம்புகள் நூல்நூலாகத் தெளிந்த நீரிலே மிதக்கின்றன. முதுகு ஊசி நுழைவது, பெரும்பாலும், மூன்றாவது எலும்புக்கும் நான்காவது எலும்புக்கும் இடையே. "தண்டுவடத்திலே குத்திவிடுவார்கள், கால் விளங்காமல் போய்விடும்" என்று கதை கட்டுகிறவர்கள் இதை அறிய வேண்டும். ஊசி போகிற இடத்திலே தண்டுவடமே இல்லை! செலுத்துகிற மருந்து தேக்கரண்டியிலே பாதிகூட இராது. சில நிமிடங்களில் இடுப்புக்குக் கீழே வலி மறைகிறது, கால்கள் கனக்கின்றன. ஒன்றரை, இரண்டு மணி நேரம் அந்த நிலை நீடிக்கும். தாய் விழித்திருப்பார். மூச்சு அவருடையதாகவே இருக்கும். பிறந்த குழந்தையின் முதல் அழுகையைப் பெற்றவளே கேட்பாள்.

இன்னொரு முறையும் உண்டு. எபிடூரல் என்பார்கள். நரம்புகளையும் அந்த நீரையும் மூடியிருக்கும் உறைக்கு உள்ளே போகாமல், வெளியிலேயே மெல்லிய குழாய் ஒன்றை வைத்து, வேண்டும்போதெல்லாம் சிறுகச் சிறுக மருந்து கொடுப்பது. அறுவையே இல்லாமல் இயல்பாகப் பிள்ளை பெறும் தாய்க்கும் வலியைத் தணிப்பது இது. நகரத்துப் பெரிய மருத்துவமனைகளில் பணம் படைத்தவர்கள் 'வலியில்லாப் பிரசவம்' என்று கேட்டு வாங்கிக்கொள்வது இதைத்தான்.

பெண்ணின் வலி தீர்க்க வழி கண்டபோது உலகம் கைதட்டி வரவேற்றதா? இல்லை! 1847-இல் எடின்பரோ நகரிலே சிம்ப்சன் என்ற மருத்துவர் பிரசவத்துக்குக் குளோரோஃபார்ம் கொடுத்தார். ஏவாள் செய்த பிழைக்கு எல்லாப் பெண்களும் வேதனையிலேயே பெற வேண்டும் என்பது ஏற்பாடாயிற்றே, அதை மாற்ற இவர் யார் என்று முணுமுணுப்பு எழுந்தது. சிம்ப்சன் சும்மா இருக்கவில்லை. அதே ஆண்டில் விடையாக ஒரு சிறுநூல் எழுதினார். ஆதாமின் விலா எலும்பை எடுக்குமுன் ஆண்டவனே அவனை ஆழ்ந்து தூங்கச் செய்தானே, ஆணுக்கு ஆன மயக்கம் பெண்ணுக்கு ஆகாதோ என்று மடக்கினார்! 1853-இல் விக்டோரியா அரசியே குளோரோஃபார்ம் வாங்கிக்கொண்டு எட்டாவது குழந்தையைப் பெற்றார். அரசி செய்துவிட்டால் பிறகு பாவமேது, பழியேது? வாயடைத்தது வைதிகம்.

இங்கே மட்டும் என்ன வாழ்ந்தது? "தலையெழுத்து" என்றார்கள், "முன்வினை" என்றார்கள், "பிரசவம் பெண்ணுக்கு மறுபிறப்பு" என்றார்கள். மறுபிறப்பாம்! எத்தனை பேர் மறுபடி பிறக்காமலே மாண்டார்கள் என்ற கணக்கை மட்டும் எவரும் எழுதி வைக்கவில்லை.

முதுகு ஊசியின் முதல் நோயாளி யார் தெரியுமா? மன்னனல்ல, மடாதிபதியல்ல. ஓர் உழைப்பாளி! 1898 ஆகஸ்டு 16. ஜெர்மனியிலே கீல் நகரம். கணுக்காலிலே காசநோய் பற்றிய 34 வயதுத் தொழிலாளி ஒருவருக்கு, ஆகஸ்டு பியர் என்ற அறுவை மருத்துவர் முதுகிலே கொக்கெயின் மருந்தைச் செலுத்தி, வலியில்லாமல் அறுவை செய்தார். சில நாள்கள் கழித்து, "ஊரார் முதுகிலே குத்துகிற நான் என் முதுகையும் காட்ட வேண்டாமா?" என்பதுபோலத் தம் முதுகிலேயே போடச் சொன்னார். ஊசியும் மருந்துக் குழலும் ஒன்றோடொன்று பொருந்தவில்லை. முதுகு நீர் கொட்டியது, மருந்தும் வீணாயிற்று. உடனே துணை மருத்துவர் ஹில்டபிராண்ட், "என் முதுகு இருக்கிறது" என்று முன்வந்தார். அவருக்கு மருந்து பிடித்தது. காலிலே ஊசியால் குத்தினார்கள், சுருட்டால் சுட்டார்கள், முழங்காலுக்குக் கீழே சுத்தியலால் அடித்தார்கள். மனிதர் அசையவில்லை! மறுநாள்தான் கதை. இருவருக்கும் தலைவலி. பியருக்கு எழுந்து உட்கார்ந்தால் வலி, படுத்தால் விடுதலை. ஒன்பது நாள் நீடித்தது.

இதை ஏன் சொல்கிறேன்? முதுகு ஊசிக்குப் பின் சிலருக்குத் தலைவலி வருவது உண்மை. மறைக்கத் தேவையில்லை. ஊசி போட்ட துளை வழியே முதுகு நீர் கசிவதால் வருவது அது. அன்றைய ஊசி பருமன், இன்றைய ஊசி தலைமயிர் போல மெலிது. அதனால் அந்தத் தலைவலி மிகக் குறைந்துவிட்டது. வந்தாலும் ஓய்விலும் மருந்திலும் பெரும்பாலும் சில நாளில் போய்விடும். போகாவிட்டால் அதற்கும் சிகிச்சை உண்டு. ஊசி போன இடத்திலே இரண்டொரு நாள் நோவு இருக்கலாம். ஆனால் "ஆயுளுக்கும் முதுகுவலி" என்பது கட்டுக்கதை. ஊசி போட்டுக்கொண்டவரையும் போடாதவரையும் ஒப்பிட்டு ஆராய்ந்து பார்த்திருக்கிறார்கள். ஊசியால் நிலையான முதுகுவலி வருவதாகத் தெரியவில்லை. பத்து மாதம் பாரம் சுமந்த முதுகு அது. பெற்ற பிறகு ஓய்வின்றி வளைந்த முதுகு அது. வலிக்காமல் என்ன செய்யும்? பழியை ஊசி மேல் போட்டுவிட்டால் மூட்டையை இறக்கிவைக்க வேண்டியதில்லை, ஓய்வு கொடுக்க வேண்டியதில்லை, கூலியோடு விடுப்புத் தர வேண்டியதில்லை. ஊருக்கு எவ்வளவு வசதியான மூடநம்பிக்கை, பார்த்தீர்களா!

இன்னொரு வேடிக்கையும் கேளுங்கள். பியர் செலுத்திய கொக்கெயின் எங்கிருந்து வந்தது? தென்னமெரிக்காவிலே ஆண்டீஸ் மலைமக்கள் களைப்புத் தீர மென்ற கோக்கா இலையிலிருந்து. இன்று பயன்படுவது அதுவன்று. 1957-இல் ஸ்வீடனிலே உருவான பியூபிவக்கெய்ன் போன்ற, போதைக்கு இடமில்லாத மருந்துகள். ஆயினும் தொடக்கம் மலைமக்களின் இலை. ஒரு மலையின் மக்கள் உலகுக்குக் கொடுத்த கொடை, இன்னொரு மலையின் மக்களுக்கு வேண்டும் நேரத்தில் கிட்டவில்லை!

இப்போது நம் மலைக்கு வருவோம். 1845-இல் அமெரிக்கப் பாதிரிமார்கள் கோடைக்கானலிலே முதல் இரண்டு வீடுகளைக் கட்டினார்கள். ஏன்? மதுரைச் சமவெளியின் நோய்களிலே அவர்களில் பலர் செத்து மடிந்தார்கள். உயிர் பிழைக்க மேலே ஏறினார்கள். எப்படி ஏறினார்கள்? 1910-களில் மோட்டார் சாலை வரும் வரை, பெரியகுளத்துப் பக்கம் கிருஷ்ணம்ம நாயக்கன் தோப்பு வரை மாட்டு வண்டி. அதற்கு மேலே குதிரை, நாற்காலி, டோலி. தூக்கியது யார்? நம் ஆட்கள்! துரையையும் துரைசானியையும் தோளிலே சுமந்து, மூச்சு வாங்க, முதுகு வியர்க்க, மலை ஏற்றினான் நம் பாட்டன். துரை போனான், டோலி போகவில்லை. டால்பின் நோஸ் பாறைக்குக் கீழே கிடக்கும் வெள்ளகெவிக்குப் பல்லாண்டுக் காலம் வண்டி போகும் சாலை இல்லை. நோயாளியையும் நிறைமாதத்துக்காரியையும் டோலி கட்டித் தூக்கிய செய்தி எத்தனை முறை ஏடுகளிலே வந்தது! உயிர் பிழைக்க வெள்ளையனை மேலே தூக்கிய தோள், உயிர் பிழைக்கத் தன் பெண்டாட்டியைத் தூக்கி அலைந்தது!

தமிழகம் ஒன்றும் செய்யவில்லை என்று சொல்ல நான் வரவில்லை. சொன்னால் நா கூசும். 2008 செப்டம்பரில் 108 வண்டி ஓடத் தொடங்கியது. இரவு பகல் பாராத சீமாங்க் மகப்பேறு மையங்கள் அரசு மருத்துவமனைகளில் அமைந்தன. 2019-21 குடும்பநலக் கணக்கெடுப்பின்படி தமிழகத்தில் நூற்றுக்கு 99-க்கு மேற்பட்ட பிரசவங்கள் மருத்துவமனையிலே நடந்தன. 2018-20 கணக்கிலே, இந்தியாவில் ஒரு லட்சம் பிறப்புக்கு 97 தாய்மார் இறந்தபோது, தமிழகத்தில் 54. மார்தட்டத் தக்க கணக்குத்தான். ஆனால், அந்த 54 பேர் யார், எந்த ஊர், எந்த மலை, எந்தச் சேரி, எந்தப் பளியர் குடிசை என்று கேட்பவன்தான் கழகத் தோழன்.

அதே கணக்கெடுப்பில் இன்னொரு செய்தியும் இருக்கிறது. தமிழகத்தில் நூற்றுக்கு 44.9 பிரசவம் வயிற்றைக் கீறி நடந்தது. அரசு மருத்துவமனைகளில் 36, தனியாரிடத்தில் 63.8! நூற்றுக்குப் பத்து, பதினைந்து என்று உலக சுகாதார நிறுவனம் ஒரு காலத்தில் சொன்னது. கீழே, தேவையில்லாத வயிற்றிலும் கத்தி பாய்கிறது என்ற ஐயம். மேலே, தேவைப்பட்ட வயிற்றுக்குக் கத்தி எட்டவில்லை என்ற அவலம். காசுள்ள இடத்தில் மழை, காசில்லாத மேட்டில் வறட்சி. இதற்குப் பெயர் விதியா? இல்லை, தோழர்களே! விநியோகக் கோளாறு!

மருந்து இருக்கிறது, ஊசி இருக்கிறது. அதை ஊன்றும் கை எங்கே என்பதுதான் கேள்வி. யார் வேண்டுமானாலும் குத்திவிடும் ஊசியல்ல இது. குத்தியதும் இரத்த அழுத்தம் இறங்கலாம்; உடனே கண்டு தாங்க வேண்டும். மருந்து மேலே ஏறினால் மூச்சு திணறும். மூச்சைக் காக்கக் கருவியும் கைப்பழக்கமும் வேண்டும். இரத்தம் கொட்டிச் சோர்ந்த தாய்க்கு, இரத்தம் உறையாத நோயுள்ளவருக்கு இந்த ஊசி ஆகாது. அப்போது முழு மயக்கம் கொடுக்கத் தெரிய வேண்டும். ஆக, அறுவை செய்கிறவர் ஒருவர் இருந்தால் போதாது. தாயின் தலைமாட்டிலே நின்று மூச்சையும் நாடியையும் காக்கிறவர் ஒருவர் வேண்டும். ஊர் அறியாத, மாலை போடாத, பெயர்கூடக் கேட்காத அந்த மயக்க மருத்துவர்தான் இங்கே உயிரின் காவலர்.

அவர் மலைக்கு வர வேண்டும். பன்னிரண்டு ஆண்டுக்கு ஒருமுறை பூக்கும் குறிஞ்சிபோல அல்ல. பகலும் இரவும், ஞாயிறும் பொங்கலும், முறை வைத்து இருக்க வேண்டும். ஒருவரைப் போட்டுவிட்டு "இருக்கிறாரே" என்பது ஏமாற்று. அவரும் மனிதர், அவரும் தூங்க வேண்டும். அவருக்கும் வீடு வேண்டும், பிள்ளைக்குப் பள்ளி வேண்டும், மலைப்படி வேண்டும். இதையெல்லாம் கொடுக்காமல், "படித்தவன் மலைக்கு வர மறுக்கிறான்" என்று பழிப்பது நேர்மையல்ல.

வழி இல்லையா? உண்டு! அரசுப் பணியிலிருக்கும் மருத்துவர்களுக்கு மேற்படிப்பிலே இடஒதுக்கீடு என்பது தமிழகத்தின் ஏற்பாடு. கிராமத்திலும் மலையிலும் பணியாற்றியவர் மேலே படித்து, மறுபடி அரசு மருத்துவமனைக்கே வந்து உழைப்பார் என்ற கணக்கு. 2017-இல் டெல்லியின் விதியைக் காட்டி அதை முடக்கினார்கள். 2020 ஆகஸ்டு 31 அன்று, மாநிலத்துக்கு அந்த உரிமை உண்டென்று உச்ச நீதிமன்றத்தின் ஐவர் அமர்வு தீர்ப்பளித்தது. மாநில உரிமை என்று நாம் முழங்கும்போது, "அதனால் ஏழைக்கு என்ன?" என்று கேட்கிறார்களே, அவர்களுக்கு இதோ விடை: மலையிலே நள்ளிரவில் ஒரு தாயின் முதுகைத் தொடும் பயிற்சி பெற்ற கை! எம்.பி.பி.எஸ். படித்த அரசு மருத்துவருக்கே, மகப்பேற்று அவசரத்துக்கான மயக்க மருந்துப் பயிற்சியைச் சில மாதங்களில் கொடுக்கும் திட்டமும் நாட்டில் உண்டு. மேல்மலை ஆஸ்பத்திரிகளுக்கு அப்படிப் பயின்றவர்களை முதலில் அனுப்பு என்று கேட்போம்.

கேட்பது என்றேன். ஆட்சியிலே இருப்பது யார் என்று பார்த்துவிட்டுக் கேட்கிறவன் அல்லன் கழகத் தோழன். எதிரி ஆண்டால் ஏசுவதும், நம்மவர் ஆண்டால் நாவை மடிப்பதும் தொண்டு ஆகாது, தரகு ஆகும். வளைவிலே அலறுகிற தாய்க்கு எந்தக் கொடி பறக்கிறது என்பதா கவலை?

எனவே, தோழர்களே, இரண்டு வேலைகள். ஒன்று, வீட்டுக்குள்ளே. உன் அன்னையிடம், உன் துணைவியிடம், உன் தங்கையிடம் முதுகு ஊசியைப் பற்றிச் சொல். அஞ்ச வேண்டாம் என்று சொல். ஐயமிருந்தால் மருத்துவரிடமே கேட்கலாம் என்று சொல். பிள்ளை பெற்றவள் முதுகிலே ஆறு மாதத்துக்காவது மூட்டை ஏற்றாதே! இரண்டு, வீதியிலே. உன் ஊர் அரசு மருத்துவமனைக்குப் போ. சண்டைக்கல்ல, கேள்விக்கு. "இரவிலே மயக்க மருத்துவர் உண்டா? எத்தனை பேர்? இல்லாத நாள் எந்த நாள்?" இந்த மூன்று கேள்வியை எழுதிக் கேள், விடையையும் எழுத்திலே வாங்கு. கிளைக் கூட்டத்திலே படி. சட்டமன்ற உறுப்பினர் வந்தால் மாலைக்கு முன்னே அந்தத் தாளை நீட்டு.

அன்றிரவு விடைபெறும்போது மூதாட்டி என்னைக் கேட்டார்: "அடுத்த புள்ளைக்கும் இப்படித்தான் கீழ எறங்கணுமா, தம்பி?"

நான் பேச்சாளன். மேடையிலே மணிக்கணக்கில் பேசுகிறவன். அடுப்பங்கரையிலே அந்த ஒரு கேள்விக்கு விடை சொல்ல எனக்கு வாய் வரவில்லை. விடையை நாம் எல்லோரும் சேர்ந்து சொல்ல வேண்டியிருக்கிறது, தோழர்களே. அடுத்த பிள்ளை பிறப்பதற்குள்!